நூல் கட்ட விடாதே

மண்டபம்
மே 18

அன்பு மகளுக்கு,

அப்பா எழுதுகிறேன். ஆபரேஷன் செய்த கண் தெளிந்துவிட்டது. சொட்டு மருந்து இன்னும் பத்து நாள் போட வேண்டும். அது முடிகிறவரை தூரப் பயணம் வேண்டாம் என்று டாக்டர் சொல்லிவிட்டார், இல்லையென்றால் பேரனைப் பார்க்க எப்போதோ வந்திருப்பேன். தடைக்காலம் என்பதால் விசைப்படகெல்லாம் கட்டிக் கிடக்கிறது. நாட்டுப்படகு மீன் மட்டும்தான், விலை கேட்க முடியவில்லை. சித்தப்பா வீட்டு விஷயம் நீ நினைத்தபடியே முடிந்தது. அதை நேரில் பேசலாம்.

கார்த்திகையில் நீ ஒன்று கேட்டிருந்தாய். நீ மொழிபெயர்க்கிற உயிரியல் புத்தகத்தில் விரல் மாதிரி இருக்கிற உறுப்புகளுக்கு விதவிதமாகச் சொற்கள் வருகின்றன, எல்லாவற்றுக்கும் ‘விரல் போன்ற நீட்சி’ என்றே எழுதி அலுத்துவிட்டது, முப்பது வருஷம் பாடம் நடத்தினீர்களே, ஏதாவது சொல்லுங்கள் என்றாய். உடனே எழுதாதது என் தப்பு. இப்போது உட்கார்ந்துவிட்டேன்.

அதற்கு முன்னால் ஒன்று. கறுப்புக் கயிறு, அரைஞாண், திருஷ்டிப் பொட்டு, உங்கள் வீட்டு வழக்கப்படி எது வேண்டுமானாலும் செய்யுங்கள். குழந்தையின் கையில் மட்டும் யாரையும் நூல் கட்ட விடாதே.

சரி, சொற்களுக்கு வருகிறேன். லத்தீனில் விரலுக்கு டிஜிடஸ், கிரேக்கத்தில் டாக்டிலோஸ். புத்தகத்தில் வருகிற பெயர்களில் பாதிக்கு மேல் இந்த இரண்டில் ஒன்று ஒளிந்திருக்கும். நம் வாசல் அருகம்புல்லின் அறிவியல் பெயரில் டாக்டிலான் இருக்கிறது, உச்சியில் விரிந்து நிற்கிற கதிரைப் பார்த்தால் காரணம் தெரியும். பேரீச்சைக்கு டாக்டிலிஃபெரா, விரல்களைத் தாங்குவது என்று பொருள். காலா மீனுக்கு டெட்ராடாக்டிலம், நான்கு விரல். நீ சின்னப் பிள்ளையாக இருந்தபோது காலா வாங்கி வந்தால் அதன் கழுத்துக்குக் கீழே தொங்கும் இழைகளை எண்ணிக்கொண்டு இருப்பாய். பக்கத்துக்கு நான்கு. கலங்கின தண்ணீரில் அவற்றால் தடவித்தான் அது இரை தேடும். பார்க்க நூல் மாதிரி இருந்தாலும் செய்கிற வேலை விரலின் வேலை. அதனால் அங்கே ‘இழை’ என்று எழுதாதே, ‘விரலிழை’ என்று எழுது. நண்டின் கொடுக்கில் அசைகிற பக்கத்துக்கு டாக்டிலஸ் என்று பெயர், அசையாத பக்கத்தைப் போலெக்ஸ் என்பார்கள், கட்டைவிரல். இரண்டையும் ‘கொடுக்கு’ என்று ஒரே சொல்லில் அடைத்துவிடாதே.

ஒவ்வொரு ஊர்க்காரனும் ஒரே பொருளில் வேறு வேறு உருவத்தைப் பார்க்கிறான் என்பதையும் கவனி. சிறுகுடலின் உள்சுவரில் இருக்கிற குடலுறிஞ்சியை நம் பாடப்புத்தகம் விரல் போன்றது என்கிறது. வில்லஸ் என்று பெயர் வைத்தவனுக்கு அது சடைமுடியாகத் தெரிந்தது, அந்தச் சொல்லுக்கு லத்தீனில் பொருள் அதுதான். நாம் வாழைச் சீப்பு என்கிறோம். இங்கிலீஷ்காரன் அதே சீப்பைக் கை என்கிறான், ஒவ்வொரு பழத்தையும் விரல் என்கிறான். கேழ்வரகுக் கதிர் அவனுக்கு விரல் மடக்கிய கை. நம்மவர்கள் காந்தளின் இதழில் பெண்ணின் விரலைப் பார்த்தார்கள். ஆகவே சொல்லுக்குச் சொல் மாற்றாமல், நம் கண்ணுக்கு எது தெரிகிறதோ அதை எழுது.

அலையாத்தி பற்றிய அத்தியாயத்தில் திணறுவதாகச் சொன்னாய். காரங்காட்டுக்கு உன்னைக் கூட்டிப்போனது ஞாபகம் இருக்கிறதா? வெண்கண்டல் மரத்தைச் சுற்றிச் சேற்றில் இருந்து விரல் விரலாக மேலே நீட்டிக்கொண்டு நிற்குமே, அது மூச்சு வேர். சேற்றுக்குள் காற்று கிடையாது. தண்ணீர் வற்றியிருக்கும் நேரத்தில் அந்த விரல்களின் மேல் இருக்கிற நுண்துளை வழியாகத்தான் மரம் காற்று வாங்குகிறது. மிதிக்காமல் நடக்கச் சொன்னேன். நீ ஒவ்வொன்றாகத் தொட்டுக்கொண்டே வந்தாய், இடது கையைத் தாவணிக்குள் வைத்துக்கொண்டு வலது கையால் மட்டும். எனக்கு அது ஞாபகம் இருக்கிறது.

கடல்பசுவை, அதுதான் ஆவுளியாவை, மறந்துவிடாதே. பாக் விரிகுடாவில் தஞ்சாவூர், புதுக்கோட்டைக் கடலோரம் 448 சதுர கிலோமீட்டரை அதற்காக 2022இல் காப்பகமாக அறிவித்தார்கள். வெளியே பார்த்தால் அதன் முன்கை வெறும் துடுப்பு. தோலை நீக்கிப் பார்த்தால் உள்ளே ஐந்து விரல் எலும்பும் வரிசையாக இருக்கும். மனிதக் கருவும் முதலில் அப்படித்தான். ஆறாவது வாரத்தில் கை ஒரு துடுப்பு மாதிரி இருக்கும். பிறகு விரலுக்கும் விரலுக்கும் நடுவில் இருக்கிற செல்கள் தாமாகவே மடிந்து, எட்டாவது வாரம் முடிவதற்குள் விரல்கள் பிரிந்துவிடும். அந்த நேரத்தில் ஒரு விரல் கூடவும் செய்யலாம். அதில் யார் செய்த பாவமும் இல்லை, யார் சாப்பிட்டதும் சாப்பிடாததும் இல்லை, எந்தக் கிரகணமும் இல்லை. கிரீன்லாந்தில் பாறைக்குள் கிடைத்த அகாந்தோஸ்டேகா என்ற பிராணி, கால் முளைத்த ஆதி விலங்குகளில் ஒன்று, சுமார் 36 கோடி வருஷத்துக்கு முந்தையது. அதற்கு முன்காலில் எட்டு விரல். ஐந்துதான் சரி என்று அப்போது யாரும் முடிவு செய்திருக்கவில்லை.

தாயி, நீ அனுப்புகிற படங்களை எல்லாம் பார்த்துக்கொண்டுதான் இருக்கிறேன். பேரனுக்கு அம்மாவின் நெற்றி. வலது கை வெளியே இருக்கிறது, இடது கையில் மட்டும் துணி உறை. பிறந்த மாதத்தில் நகம் கீறிக்கொள்வான் என்று போட்டிருப்பாய் என்று நினைத்தேன். இப்போது இரண்டரை மாதம் ஆகிறது. இந்த வெயிலில், வீடியோவில் மாப்பிள்ளை சட்டையில்லாமல் விசிறிக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார், குழந்தையின் இடது கையில் உறை. நான் கேட்கவில்லை. நீயும் சொல்லவில்லை.

போன வாரம் போனை வைக்க மறந்துவிட்டாய். சம்பந்தியம்மா உன்னிடம் ஏதோ கேட்டார்கள். “எங்க பக்கத்தில் யாருக்கும் இல்லை அத்தை” என்று நீ சொன்னது எனக்குக் காதில் விழுந்தது. அன்றிலிருந்து எனக்குச் சாப்பாடு இறங்கவில்லை.

நம் பக்கத்தில் உண்டு. உன் அப்பத்தாவுக்கு இடது கையில் ஆறு விரல். நீ பிறப்பதற்கு முன்பே அவர் போய்விட்டார், நம் வீட்டில் இருக்கிற ஒரே படத்தில் அந்தக் கை சேலைக்குள் இருக்கிறது, நீ அறிந்திருக்க வழியில்லை. மரிக்கொழுந்து, கஞ்சிப்பாசி என்ற கடற்பாசிகளை எல்லாம் அந்தக் கையால்தான் பிடுங்கினார். பாறையில் விரல் கிழிபடாமல் இருக்கப் பாசி எடுக்கிற பெண்கள் எல்லோரும் விரல்களில் துணி சுற்றிக்கொள்வார்கள். அப்பத்தா அந்த ஆறாவது விரலைச் சுண்டுவிரலோடு சேர்த்துச் சுற்றுவார். விடிகாலையில் சுற்றிவிடுவது என் வேலை. பாறையைப் பற்றிக்கொள்ள எனக்கு ஒரு விரல் கூடக் கொடுத்திருக்கிறான் என்பார். அந்தக் கை சம்பாதித்த காசில்தான் நான் காலேஜ் போனேன், வாத்தியார் ஆனேன். என் கையில் ஐந்துதான். ஆறுவிரல் ஓங்கு பண்பு, பெற்றவர்களில் ஒருவரிடமிருந்து வந்தாலே வெளியே தெரியக்கூடியது, ஆனால் சில நேரம் ஒரு தலைமுறையில் வெளியே தெரியாமல் தாண்டிப் போகும் என்று வகுப்பில் கரும்பலகையில் படம் போட்டு நடத்தியிருக்கிறேன். நீ இரண்டாவது பெஞ்சில் உட்கார்ந்து அதை நோட்டில் எழுதினாய். ‘குறைபாடுகள்’ என்ற தலைப்புக்குக் கீழே எழுதச் சொன்னேன். உன் முகத்தைப் பார்த்து உண்மையைச் சொல்ல எனக்கு அன்று துணிவில்லை.

உன் இடது சுண்டுவிரல் ஓரத்தில் ஒரு சின்ன மேடு இருக்கிறதே, அது மட்டி ஓடு கிழித்த தழும்பு இல்லை. நீ பிறந்த ஒன்பதாம் நாள் மருத்துவச்சி கறுப்பு நூலால் இறுக்கிக் கட்டினாள். பொம்பளைப் பிள்ளை, நாளைக்குக் கட்டிக்கொடுக்க வேண்டும் என்றாள். அம்மா வேண்டாம் என்றாள். உன் அப்பத்தா ஆறு விரலோடு வாழவில்லையா என்று என்னைக் கேட்டாள். நான்தான் கட்டச் சொன்னேன். படித்தவன், ரத்த ஓட்டம் நின்றால் என்ன ஆகும் என்று தெரிந்தவன். இரண்டு ராத்திரி நீ விடாமல் அழுதாய். அது கறுத்துப் போய் விழுந்தது. பின்பக்கம் நொச்சிக்கு அடியில் நான் புதைத்தேன். மட்டிக் கதையும் நான் கட்டியதுதான். அம்மா கடைசிவரை எனக்காக அந்தப் பொய்யைச் சுமந்தாள். உனக்குச் சொல்லிவிடுங்கள் என்று ஆஸ்பத்திரியில் கடைசியாகச் சொன்னாள். மூன்று வருஷம் ஆகிவிட்டது.

அந்த மேட்டில் எதுவும் இடித்தால் சுரீர் என்று இழுக்கிறது என்பாய். நரம்பின் முனை உள்ளே அப்படியே நின்றுவிட்டதால் வருகிற வலி அது. நூல் கட்டுக்கு வெளியே இருப்பதைத்தான் கொல்கிறது, அடியில் இருப்பது அப்படியே தங்கிவிடும். பிறகு படித்துத் தெரிந்துகொண்டேன். உனக்கு நான் கொடுத்த வலி அது.

அதனால்தான் சொல்கிறேன், யார் சொன்னாலும் நூல் கட்ட விடாதே. பெரியவர்கள் சொன்னாலும், நல்ல நாள் பார்த்துக் கட்டலாம் என்றாலும் விடாதே. குழந்தை டாக்டரிடம் ஒரு தரம் முழுக்கக் காட்டு. சுண்டுவிரல் பக்கம் வருவது பெரும்பாலும் வேறு எந்தக் கோளாறும் இல்லாமல் தனியாக வருவதுதான், ஆனாலும் காட்டு. உள்ளே எலும்பு இருக்கிறதா என்று எக்ஸ்ரே எடுத்துப் பார்ப்பார்கள். எடுக்க வேண்டும் என்று நீயும் மாப்பிள்ளையும் முடிவு செய்தால் அதற்கான சர்ஜன் முறையாக மரத்துப்போகச் செய்து, நரம்பைச் சரியாகப் பார்த்து எடுப்பார். எடுக்காமலும் விடலாம். அது உங்கள் முடிவு. நூல் மட்டும் வேண்டாம்.

அந்த உறையைக் கழற்றிவிடு. குழந்தை கையை வாயில் வைத்துத்தான் உலகத்தைத் தெரிந்துகொள்ளும், இரண்டு கையும் அவனுக்கு வேண்டும்.

புத்தகத்தில் இதற்கு மிகைவிரல் என்று போட்டிருப்பாய். மாற்றிவிடு. மிகை என்றால் வேண்டாதது கூட வந்தது போல இருக்கிறது. ஆறுவிரல் என்றே எழுது, ஊரில் சொல்வது அதுதான். நொச்சியின் இலையை அங்கை வடிவக் கூட்டிலை என்று எழுதுகிறோம். அதே கிளையில் மூன்று சிற்றிலையும் இருக்கும், ஐந்தும் இருக்கும். நான்கு நாளைக்கு முன்னால் போய்ப் பார்த்தேன், செடி நன்றாகத் தழைத்திருக்கிறது.

இந்தக் கடிதத்தை மாப்பிள்ளையிடம் கொடு. சம்பந்தியம்மாவுக்கும் வாசித்துக் காட்டச் சொல், எதையும் விட வேண்டாம். சொட்டு மருந்து 28ஆம் தேதியோடு முடிகிறது. 29ஆம் தேதி ராத்திரி பஸ் ஏறுகிறேன். அவர்கள் முன்னால் நானே உட்கார்ந்து என் வாயால் சொல்கிறேன், நீ எதுவும் பேச வேண்டாம். அதற்குள் வீட்டில் யாராவது நூலை எடுத்தால் எந்த நேரமாக இருந்தாலும் எனக்குப் போன் போடு.

அப்பா