கணேசனுக்கு: டன்னின் நோய்ப்படுக்கைப் புத்தகம் பற்றி

அன்புள்ள கணேசா,

உன் கடிதம் கிடைத்தது. பையனுக்கு வேலை நிரந்தரமானதில் எங்கள் எல்லோருக்கும் சந்தோஷம். இங்கே யாவரும் சுகம். சரி, கேட்ட விஷயத்துக்கு வருகிறேன்.

உங்கள் வாசிப்பு வட்டத்தில் ஆங்கிலக் கவிஞரும் குருவுமான ஜான் டன்னை எடுக்கப் போகிறீர்கள் என்றும், எந்த மனிதனும் தனித் தீவல்ல என்று வருகிற அந்த ஒரு பக்கத்தை மட்டும் நகலெடுத்துக் கொடுத்தால் போதுமா என்றும் கேட்டிருக்கிறாய். போதாது. அந்தப் பக்கம், நோயில் கிடந்ததைப் பற்றி அவர் எழுதிய 'டிவோஷன்ஸ் அபான் எமர்ஜென்ட் அகேஷன்ஸ்' என்கிற, 23 பகுதிகள் கொண்ட ஒரு புத்தகத்தின் பதினேழாவது பகுதியில் மூன்றில் ஒரு பங்கு. அதைத் தனியாக வெட்டி எடுத்தால் காலண்டர் தாளில் அச்சடிக்கிற நல்வாக்கு மாதிரி ஆகிவிடுகிறது. அதைவிட மோசம், அதில் அடிக்கிற மணி எந்த மணி என்பதே தெரியாமல் போய்விடும். இதைத்தான் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும்.

முதலில் நோய். 1623 நவம்பர் கடைசியில் லண்டனில் டன் காய்ச்சலில் விழுந்தார். வயது 51. புனித பவுல் பேராலயத்தின் தலைமைக் குருவாகி இரண்டு வருஷம் ஆகியிருந்தது. அது மீள்காய்ச்சல் என்று சிலரும் டைபஸ் என்று சிலரும் சொல்கிறார்கள். இரண்டுமே பேன் பரப்பும் நோய்கள், இரண்டிலும் உடம்பில் புள்ளிகள் வரலாம். மீள்காய்ச்சலில் ஜுரம் சட்டென்று இறங்கும், சில நாள் கழித்துத் திரும்பவும் ஏறும். புத்தகத்தின் கடைசிப் பகுதியே மருத்துவர்கள் 'திரும்பி வரும், ஜாக்கிரதை' என்று எச்சரிப்பதுதான் என்பதால் எனக்கு முதல் கணிப்புதான் பொருத்தமாகப் படுகிறது. அவர் படுத்திருந்தபோதே, டிசம்பர் 3-ஆம் தேதி, மகள் கான்ஸ்டன்ஸுக்கு நடிகர் எட்வர்ட் ஆலினோடு கல்யாணம் நடந்தது. புத்தகத்தில் அதைப் பற்றி மூச்சு இல்லை. 1624 ஜனவரி 9-ஆம் தேதி புத்தகம் அச்சகத்தார் சங்கப் பதிவேட்டில் ஏறிவிட்டது. என்ன வேகம் பார்.

இங்கே ஒரு எச்சரிக்கை. 'இதோ மருத்துவர் வருகிறார், இதோ மணி அடிக்கிறது' என்று எல்லாம் நிகழ்காலத்தில் இருப்பதால் இதை நாட்குறிப்பு என்று நினைப்பவர்கள் உண்டு. நாட்குறிப்பு இல்லை. படுக்கையை விட்டு எழுந்து படுக்கையோரம் உட்கார்ந்திருந்த நாட்களில், நோயின்போது தோன்றிய தியானங்களை ஓர் ஒழுங்குக்குக் கொண்டுவருவதாக நண்பர் ராபர்ட் கெருக்கு அவரே எழுதியிருக்கிறார். இளவரசர் சார்லஸுக்கு எழுதிய சமர்ப்பணத்திலும் வேதாகமத்து எசேக்கியா ராஜா நோய் குணமான பிறகு எழுதியதைத்தான் முன்மாதிரியாகக் காட்டுகிறார். ஆக, திட்டமிட்டுக் கட்டிய நூல். நோயின் படிகளைச் சொல்லும் லத்தீன் செய்யுள் வரிகள் முகப்பில் இருக்கின்றன. அவைதான் 23 பகுதிகளுக்கும் தலைப்பு. வட்டத்தில் முதல் நாள் அந்தத் தலைப்புகளை மட்டும் வரிசையாக வாசித்துவிடுங்கள்: நோயின் முதல் தாக்கு, படுக்கையில் விழுதல், மருத்துவரை அழைத்தல், அவர் பயப்படுதல், வேறு மருத்துவர்களைச் சேர்த்தல்... காய்ச்சல் ஏறி இறங்குவது அப்போதே கண்ணுக்குத் தெரியும்.

ஒவ்வொரு பகுதிக்கும் மூன்று அங்கம். முதலில் தியானம்: இதில் கடவுளை நேரே கூப்பிடுவதில்லை, மனித உடம்பின் நிலை பற்றிய யோசனைதான். இரண்டாவது முறையீடு. எப்போதும் 'என் தேவனே, என் தேவனே' என்று 22-ஆம் சங்கீதத்தின் கூக்குரலோடு தொடங்கும். இங்கே டன் கடவுளோடு வழக்காடுகிறார், வேத வசனங்களையே சாட்சிக்கு இழுக்கிறார். மூன்றாவது ஜெபம், 'நித்தியமும் மகா கிருபையுமுள்ள தேவனே' என்று. தொகுப்பு நூல்கள் தியானத்தை மட்டும் எடுத்துக்கொண்டு மற்ற இரண்டையும் தள்ளிவிடும். அப்படிச் செய்தால் புலம்பல்தான் மிஞ்சும். நாலாம் பகுதியைப் பார்: தியானத்தில், மிருகங்கள் தமக்கு வேண்டிய மூலிகையைத் தாமே தேடிக்கொள்கின்றன, மனிதனுக்கு மட்டும் மருத்துவர் வேண்டியிருக்கிறது என்று நொந்துகொள்கிறார். முறையீட்டில் கேள்வி மாறுகிறது: எவ்வளவு சீக்கிரம் மருத்துவரிடம் போகலாம், எவ்வளவு தூரம் அவரை நம்பலாம்? பதிலுக்குப் பழைய யூத ஞான நூலான சீராக்கின் 38-ஆம் அதிகாரத்தைப் பிடிக்கிறார். மருத்துவரையும் கர்த்தரே படைத்தார் என்று சொல்லுகிற அதிகாரம் அது. வழக்கு தீர்ந்த பிறகுதான் ஜெபம் வருகிறது. முறையீடுகள் சில இடங்களில் வசனம் மேல் வசனமாக அடுக்கிச் சலிப்பூட்டும் என்பதையும் மறைக்க வேண்டியதில்லை. ராஜா தன் சொந்த மருத்துவரை அனுப்பிவைக்கும் எட்டாம் பகுதியைத் துணிந்து தாண்டிவிடு. முக்கால்வாசி முகஸ்துதி.

ஆறாம் பகுதியைத் தாண்டாதே. மருத்துவர் நோயைக் கவனிக்கிற அளவு கவனத்தோடு நோயாளி மருத்துவரின் முகத்தைக் கவனிக்கிறார். அவர் பயப்படுவது தெரிகிறது. அவர் பயத்தை மறைக்க நடையை மெதுவாக்க, இவர் பயம் அவரை முந்திக்கொண்டு ஓடுகிறது. ஆஸ்பத்திரி வராந்தாவில் காத்திருந்த யாருக்கும் இதற்கு உரை வேண்டாம். அதற்கு முந்திய பகுதியில் தொற்றுநோயின் தனிமை: நெடுநாள் நோய் நண்பர்களைக் கடைசியில் சலிக்கவைக்கும், தொற்றுநோயோ தொடக்கத்திலேயே விரட்டிவிடும் என்கிறார். நோயே சபை நீக்கம் மாதிரி ஆகிவிடுகிறது.

வைத்திய முறையைக் கொஞ்சம் விளக்காவிட்டால் வட்டத்தில் பாதிப் பேர் நடுவில் தொலைந்துபோவார்கள். அப்போது நடந்தது பழங்காலக் கிரேக்க மருத்துவர் கேலனின் வழி வைத்தியம். உடம்பில் சேர்ந்த கெட்ட நீர் முதலில் 'பக்குவப்பட' வேண்டும், அதற்கு அறிகுறி தெரிந்த பிறகே பேதிக்குக் கொடுக்கலாம், பக்குவமாகும் முன் கொடுத்தால் ஆபத்து. அதனால்தான் பேதி மருந்து 20-ஆம் பகுதி வரை காத்திருக்கிறது. அதுவரைக்கும் இதயத்தை விஷம் தாக்காமலிருக்க மருந்து, நோயின் நெருக்கடி நாட்களை எண்ணுதல், உடம்பில் புள்ளிகள் வந்ததா என்று பார்த்தல். பன்னிரண்டாம் பகுதியில் புறாக்களைப் பாதத்தில் வைத்துக் கட்டுகிறார்கள், தலைக்கு ஏறிய கெட்ட வாயுவைக் கீழே இழுக்க. சிரிக்க வேண்டாம். நாற்பது வருஷம் கழித்து, 1663-இல், இரண்டாம் சார்லஸின் மனைவி கேத்தரின் ராணிக்கும் இதே வைத்தியம் நடந்ததாக சாமுவேல் பீப்ஸ் தன் நாட்குறிப்பில் எழுதிவைத்திருக்கிறார்.

இனி மணிகள். 16, 17, 18 மூன்றும் ஒரே தொடர். இதைப் புரிந்துகொள்ள 1604-ஆம் ஆண்டின் இங்கிலாந்துத் திருச்சபை விதிகளில் 67-ஆவது தெரிந்திருக்க வேண்டும். ஒருவர் உயிர் பிரியும் தறுவாயில் இருக்கும்போது மணி அடிக்க வேண்டும், குருவும் அந்நேரம் தன் கடைசிக் கடமையில் தளரக் கூடாது. இறந்த பிறகு ஒரு சிறு முழக்கம், அடக்கத்துக்கு முன் ஒன்று, பின் ஒன்று. அதற்கு மேல் கூடாது. ஏன் இந்தக் கணக்கு? செத்தவருக்காக ஜெபிப்பது ரோமச் சபையின் வழக்கம் என்று சீர்திருத்தக்காரர்கள் அதை ஒழித்துவிட்டார்கள். மணியை நீட்டி நீட்டி அடித்தால் அந்தப் பழைய நம்பிக்கை திரும்பிவிடும் என்று பயம். ஆனால் மூச்சு இருக்கிறவரை ஜெபிக்கலாம். ஆகவே முதல் மணி அக்கம்பக்கத்தாருக்கு ஓர் அழைப்பு: ஒருவர் போய்க்கொண்டிருக்கிறார், அவருக்காக இப்போதே ஜெபியுங்கள்.

நம் ஊர்க் கிறிஸ்தவக் கோவில்களில் துக்கமணி ஆள் போன பிறகு அடிப்பது. அந்தப் பழக்கத்தில் 17-ஐப் படித்தால் தவறாகக் காதில் விழும். டன்னின் வரிசை இப்படி: 16-இல் அடக்க மணிகள், தினந்தோறும், பக்கத்துக் கோவிலிலிருந்து. 17-இல் மெதுவாக அடிக்கிற மணி, இன்னொருவர் சாகக் கிடக்கிறார். 18-இல் அது முழங்குகிறது, ஆள் போய்விட்டார். 17-இன் முதல் வாக்கியமே இதைக் காட்டிவிடுகிறது: யாருக்காக இந்த மணி அடிக்கிறதோ அவர் தமக்காகத்தான் அடிக்கிறது என்று அறியாத அளவுக்கு நோயில் இருக்கலாம். நானும் அப்படித்தான் இருக்கிறேனோ, என் நிலையைப் பார்த்தவர்கள் எனக்காகவே அடிக்கச் சொன்னார்களோ, யார் கண்டது? செத்தவருக்கான மணியாக இருந்தால் இந்தச் சந்தேகத்துக்கே இடமில்லை.

தீவு, கண்டம் என்று வருவதற்கு முன் திருச்சபையைப் பற்றி அவர் சொல்வதையும் விடாதே. சபை ஒரே உடல், ஒரு குழந்தைக்கு ஞானஸ்நானம் கொடுத்தால் அது என்னையும் சேர்ந்தது, ஒருவரை அடக்கம் செய்தால் அதுவும் என்னைச் சேர்ந்தது என்கிறார். அந்த அடித்தளத்தை எடுத்துவிட்டுத் தீவை மட்டும் வைத்துக்கொண்டதால்தான் அது நாவல் தலைப்பாகவும் மேடைப் பேச்சாகவும் ஊர் சுற்றுகிறது. தியானத்தின் கடைசியில் பொன் வருகிறது: கட்டிப் பொன் வைத்திருப்பவன் அதை நாணயமாக அடிக்கவில்லையென்றால் வழிச்செலவுக்கு ஆகாது. துன்பமும் அப்படிப்பட்ட செல்வம். சாகிறவரின் துன்பம் சுரங்கத்துப் பொன்னாக அவருக்குப் பயன்படாமலே கிடக்கலாம், ஆனால் மணி அதைத் தோண்டி என் கையில் கொடுக்கிறது. கொடுத்ததற்குக் கைம்மாறு 18-இல்தான் இருக்கிறது. ஆத்துமா எங்கே போயிற்று, அது உள்ளே வந்ததை யார் பார்த்தார், வெளியே போனதை யார் பார்த்தார் என்று தத்துவக்காரர்களையும் வேதபண்டிதர்களையும் கேட்டு அலுத்துவிட்டு, தன் அன்பையே கேட்கிறார். அந்த மனிதருக்காக மணி அடித்தபோது எனக்குப் பாடம் கிடைத்தது, அதனால் அவருக்காக ஜெபித்தேன், விசுவாசமில்லாமல் ஜெபிக்கவில்லை, ஆகவே அவர் இளைப்பாறுதலுக்குப் போனார் என்றே நம்புகிறேன் என்கிறார். முன்பின் தெரியாத ஒருவரை மணிச்சத்தத்தில் மட்டும் அறிந்து அவருக்குக் கடன்பட்டுவிட்டதாக ஒரு நோயாளி கணக்கு எழுதுகிறார். 17-ஐ மட்டும் படித்தவருக்கு இந்தக் கணக்கு முடிவதே தெரியாது.

எழுந்த பிறகும் நோய் விடவில்லை. 21-ஆம் பகுதியில் நிற்கப் பார்க்கிறார், தலை சுற்றுகிறது. பூமி சுழல்கிறது என்கிற புதுத் தத்துவத்துக்கு நானே சாட்சி, நிற்பதாகத் தோன்றுகிறேன், சுற்றிக்கொண்டிருக்கிறேன் என்கிறார். கோப்பர்நிக்கஸ் இப்படி ஒரு படுக்கையறையில் வந்து நிற்பார் என்று யாரும் எதிர்பார்க்க மாட்டார்கள். அதோடு 22-இல் நோய்க்கு மூலமான கங்குகளைத் தேடல், 23-இல் மறுபடியும் விழும் பயம். நன்றிப் பாடலோடு முடியவில்லை என்று வட்டத்தில் யாராவது குறைப்பட்டால், ஜெரமி டெய்லரின் 'ஹோலி டையிங்' நூலைக் கையில் கொடு. 1651-இல் வந்தது, ஒழுங்கும் ஆறுதலும் நிறைய உண்டு. டெய்லர் ஆரோக்கியமாக இருக்கும்போதே சாவுக்குத் தயாராகச் சொல்கிறார். டன் தயாராவதற்குள் பிடிபட்டவர்.

நாலு அமர்வு போதும்: 1 முதல் 7, 9 முதல் 15, 16 முதல் 18, 19 முதல் 23. மூன்றாம் அமர்வுக்கு முழு நேரத்தையும் ஒதுக்கு, மூன்று பகுதிகளின் மூன்று அங்கங்களையும் வாய்விட்டு வாசிக்கச் சொல். வாக்கியங்கள் நீளம். ஒரே ஆள் வாசித்தால் மூச்சு வாங்கும், ஆள் மாற்றிக்கொள்ளுங்கள். குடன்பெர்க் தளத்தில் இலவசமாகக் கிடைக்கிறது. குறிப்புகள் வேண்டுமென்றால் ஆண்டனி ராஸ்பா பதிப்பித்தது நல்லது. நகலெடுக்கும்போது ஓரக்குறிப்புகளை வெட்டிவிடாதே. 16-இல் முப்பதுக்கு மேல் மணி உள்ள கோபுரம் ஒன்று, நாக்கு மட்டுமே 600 பவுண்டுக்கு மேல் எடையுள்ள மணி இன்னொன்று என்று அவர் சொல்வது எந்த ஊர்கள் என்று ஓரத்தில்தான் போட்டிருக்கும்: ஆன்ட்வெர்ப், ரூவான்.

எப்போது தொடங்குகிறீர்கள் என்று எழுது.

அன்புடன்,
செல்வராஜ்