மிட்டாய் பிசுபிசுக்க ஈரக்காற்று மட்டும் காரணமல்ல

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். ஞாயிறு பதிப்பில் வந்த பழ மிட்டாய்க் குறிப்பு, ‘பாகு கெட்டியானதும் இறக்கவும்’ என்பதோடு நின்றுவிட்டது. அதை நம்பிச் செய்தால் மறுநாள் போத்தலில் எல்லாம் ஒரே கட்டியாக இருக்கும். நாம் பினாங்கு ஈரக்காற்றைத் திட்டுவோம். பாதிக் குற்றம் அடுப்படியில்தான்.

மிட்டாய் கண்ணாடிபோல் உடைய, பாகு 150 டிகிரி செல்சியஸைத் தொட வேண்டும். நீர் இரண்டு மூன்று சதவீதமாகக் குறைவது அப்போதுதான். 140-இல் இறக்கினால் பல்லில் ஒட்டும். 160-ஐத் தாண்டினால் நிறம் மாறும். வெப்பமானியை முதலில் கொதிநீரில் வைத்துப் பாருங்கள். அது 100-க்குப் பதில் 98 காட்டினால், பாகை 148-இல் இறக்க வேண்டும். வெப்பமானி இல்லாவிட்டால் ஐஸ் தண்ணீரில் ஒரு சொட்டு விடுங்கள். வளையாமல் ‘டக்’கென்று முறிய வேண்டும்.

சீனி 400 கிராம், குளுக்கோஸ் சிரப் 200 கிராம், தண்ணீர் 180 மில்லி. சிரப்பில் கஞ்சத்தனம் வேண்டாம். சீனி மறுபடி மணலாகப் பூக்காமல் தடுப்பது அதுதான். சீனி கரையும்வரை கிண்டலாம், கொதி வந்தபின் கரண்டியே ஆகாது. பாத்திர ஓரத்தில் ஒட்டியதை ஈரத் தூரிகையால் வழித்துவிடுங்கள்.

எலுமிச்சைச் சாற்றைத் தொடக்கத்திலேயே ஊற்றும்படி அந்தக் குறிப்பு சொன்னதுதான் பெரிய கோளாறு. புளிப்போடு கொதிக்கும் சீனி வேறு எளிய சர்க்கரைகளாக உடையும். உடைந்த சீனி காற்றின் ஈரத்தை இழுக்கும். புளிப்பு வேண்டுமென்றால் அடுப்பை அணைத்து, பாகு 130-க்கு இறங்கியபின் சிட்ரிக் அமிலம் ஒரு தேக்கரண்டி சேருங்கள். வாசனையும் அப்போதுதான். அதைவிடச் சூடாக இருக்கும்போது விட்டால் மணம் ஆவியோடு போய்விடும். தண்ணீர் கலந்த எசன்ஸ் சீறித் தெறிக்கும், ஈரத்தையும் விட்டுச்செல்லும். மிட்டாய்க்கென்றே விற்கும் எண்ணெய் வாசனை ஒரு தேக்கரண்டி போதும். கிராம்பு, பட்டை எண்ணெய் என்றால் அதில் கால் பங்கு. நம்மூர் ஜாதிக்காய் மணம் கேட்பவர்களுக்கு ஒரு வார்த்தை: உடம்பில் தேய்க்க விற்கும் ஜாதிக்காய்த் தைலத்தை ஊற்றிவிடாதீர்கள்.

எண்ணெய் தடவிய தட்டில் ஊற்றி, இறுகுமுன் கத்தியால் கோடு போடுங்கள். இந்தப் பாகு தோலில் பட்டால் ஒட்டிக்கொண்டு சுடும். பிள்ளைகளை அடுப்படியில் விடக்கூடாது. ஆறியதும் உடைத்து, ஒவ்வொன்றாகத் தாளில் சுற்றி, இறுக மூடும் போத்தலில் போடுங்கள். மழை நாளில் இதையெல்லாம் சுணங்காமல் செய்ய வேண்டும். குளிர்பெட்டியில் மட்டும் வைக்காதீர்கள். வெளியே எடுத்ததும் வியர்த்துவிடும்.

ஒரு வாசகர்,
ஆயர் ஈத்தாம், பினாங்கு