நாடகம் முடிந்ததும் மைக்கை நீட்டாதீர்கள்

இயக்கங்கள், சங்கங்களின் அமைப்பாளர்களுக்கு, வணக்கம்.

“நாளை மறுநாள் ஆர்ப்பாட்டம். முன்னால் ஒரு வீதி நாடகம் போட்டால் கூட்டம் சேரும்” என்று கூப்பிடுகிறீர்கள். சேரும்தான். சேர்த்த கூட்டத்தைப் பேச்சாளரிடம் ஒப்படைப்பது மட்டுமே வேலை என்றால், அதற்குப் பறை போதும்.

நாடகம் வேண்டுமென்றால் ஏழெட்டு நாள் முன்னதாகச் சொல்லுங்கள். பாதிக்கப்பட்டவர்களிடம் உட்கார்ந்து பேசவே இரண்டு நாள் ஆகும். ஐந்து கோரிக்கையையும் நுழைக்கச் சொல்லாதீர்கள்; பாத்திரங்கள் துண்டறிக்கை வாசிக்கத் தொடங்கிவிடும். டெல்லியின் வீதி நாடகக் குழுவான ஜன நாட்டிய மஞ்ச் 1978இல் போட்ட ‘மெஷின்’ கால் மணி நேரம்கூட ஓடாது. சைக்கிள் நிறுத்த இடமும் தேநீர் குடிக்க ஒரு கேன்டீனும் கேட்ட தொழிலாளர்களின் போராட்டம்தான் அதற்கு வித்து. அவ்வளவு சின்னக் கோரிக்கையிலிருந்து முதலாளித்துவம் வரை அது போனது.

இடத்துக்கு வருவோம். நாற்சந்தி வேண்டாம், வண்டிச் சத்தம் வசனத்தை விழுங்கிவிடும். ஒரு பக்கம் சுவர் இருந்தால் குரல் சிதறாது. ஆடுகளம் 15 முதல் 20 அடி குறுக்களவு. முன்னால் மூன்று வரிசை உட்கார்ந்தே ஆக வேண்டும். அவர்கள் நின்றால் பின்னால் இருப்பவர் ஐந்தாவது நிமிடம் நடையைக் கட்டுவார். “உட்காருங்க” என்று கத்திப் பயனில்லை. உங்கள் தோழர்கள் நாலு பேர் முதலில் தரையில் உட்காரட்டும், மற்றவர்கள் தானாக உட்காருவார்கள். ஸ்டாண்டு மைக் வைத்தால் நடிகர்கள் அதையே சுற்றி நிற்பார்கள். வட்டம் உடைந்து பாதிப் பேர் முதுகைத்தான் பார்ப்பார்கள். பழகிய குரல் மைக் இல்லாமலே இருநூறு பேருக்குக் கேட்கும். கூட்டம் அதற்கு மேல் போனால் இரண்டாவது ஆட்டம் போடலாம்.

அனுமதிக் கடிதத்தின் நகல் நடிக்காத ஒருவரிடம் இருக்கட்டும். வேடத்தில் இருப்பவரே காவலருக்குப் பதில் சொல்லப் போனால் ஆட்டம் அங்கேயே படுத்துவிடும். வட்டத்துக்கு வெளியே இரண்டு பேர், கூட்டத்தைப் பார்த்தபடி நிற்க வேண்டும். இதை வீண் பயம் என்பவர்களுக்கு: 1989 ஜனவரி 1, டெல்லிக்கு அருகே ஜண்டாபூரில் நாடகம் நடந்துகொண்டிருந்தபோதுதான் ஜன நாட்டிய மஞ்சை நடத்திவந்த சஃப்தர் ஹாஷ்மியையும் அவர் குழுவையும் தாக்கினார்கள். மறுநாள் அவர் இறந்தார். ஜனவரி 4 அன்று குழு அதே இடத்தில் அதே நாடகத்தைப் போட்டு முடித்தது.

ஆட்டம் முடிந்த பின் வரும் பத்துப் பதினைந்து நிமிடம் எங்களுக்கு வேண்டும். பிரேசில் நாடக இயக்குநர் அகஸ்டோ போவால் பார்வையாளரையே களத்துக்குள் இறக்கி முடிவை மாற்றிக் காட்டச் சொன்னார். அவ்வளவு இல்லாவிட்டாலும், அவர்கள் பேசவாவது விடுங்கள். முதல் ஆள் வாய் திறக்கத் தயங்குவார். அந்த இடைவெளியில்தான் நீங்கள் மைக்கை எடுக்கிறீர்கள். அதற்குப் பதிலாக, எந்த அலுவலகத்தில் என்ன மனு கொடுக்க வேண்டும் என்று தெரிந்த ஒருவரைக் கூட்டத்தோடு உட்கார வையுங்கள். மேடைப் பேச்சு அரை மணி கழித்துத் தொடங்கட்டும்.

இப்படிக்கு,
வீதி நாடகக் கலைஞர்கள்