இரவு இரைச்சலை அளக்கிறோம்: எல்லோரும் படியுங்கள்

குடியிருப்போர் அனைவருக்கும் வணக்கம்.

ஜெனரேட்டர், தண்ணீர் மோட்டார், ஹாரன் பற்றிய புகார்கள் நிற்கவில்லை. "சத்தம் தாங்கலை" என்றால் யாரும் அசைய மாட்டார்கள், எண்கள் வேண்டும். இரவில் படுக்கையறைக்குள் சராசரி 30 டெசிபல் (சத்தத்தை அளக்கும் அலகு), திடீர்ச் சத்தம் 45 டெசிபல்: இதைத் தாண்டக் கூடாது என்பது உலக சுகாதார நிறுவனத்தின் 1999 வழிகாட்டுதல். தாண்டினால், நாம் விழிக்காவிட்டாலும் இதயத் துடிப்பு எகிறும், ஆழ்ந்த உறக்கம் கலையும். குழந்தைகளும் முதியவர்களும் இருக்கும் வீடுகள் தயவுசெய்து விட்டுவிடாதீர்கள்.

1. சனிக்கிழமை (14ஆம் தேதி) மாலை 5 மணிக்குப் போனுடன் மாடிக்கு வாருங்கள், சத்தத்தை அவரவர் போனில்தான் அளக்கப் போகிறோம். போனுக்குப் போன் அளவு மாறும். எல்லாவற்றையும் ஒரே ஒலிமானியுடன் (சத்தம் அளக்கும் கருவி) ஒப்பிட்டு வித்தியாசத்தைக் குறித்துக்கொள்வோம். இதைத் தவறவிட்டால் உங்கள் எண்ணைச் சேர்க்க முடியாது.

2. ஞாயிறு முதல் புதன் வரை, இரவு 11 மணிக்கு 15 நிமிடம் அளக்கவும். ஜன்னல் திறந்து ஒரு முறை, மூடி ஒரு முறை.

3. உறையைக் கழற்றி, சுவரிலிருந்து 1 மீட்டர் தள்ளி, மெத்தென்ற துணி மேல் போனை வைக்கவும். கையில் பிடித்தால் உரசல் பதிவாகும். மின்விசிறி, ஏசி வேண்டாம். காற்று மைக்கில் மோதினால் அளவு பொய்யாக ஏறும்.

4. சராசரி, உச்சம், நேரம், எதன் சத்தம்: நான்கையும் அனுப்பவும். நீங்களே கூட்டி வகுக்காதீர்கள். 3 டெசிபல் கூடினாலே ஒலி ஆற்றல் இரட்டிப்பாகிறது, சாதாரணக் கணக்கு பொருந்தாது.

5. தோட்டத்துப் பக்க வீடுகள் அதிகாலை 5 மணிக்கும் அளக்கவும். இரைச்சலில் பறவைகளின் பாட்டு ஒன்றுக்கொன்று கேட்காமல் போகிறது. அந்த நேரமும் நமக்கு முக்கியம்.

வருபவர்கள் வெள்ளி இரவு 9 மணிக்குள் வீட்டு எண்ணுடன் இங்கே பதில் போடுங்கள்.