விட்டில் சிறகு

அன்புள்ள முரளி,

உன் கடிதம் வந்து மூன்று வாரமாகிறது. அம்மாவுக்குக் கண்புரை ஆபரேஷன், அந்த அலைச்சலில் உடனே பதில் போட முடியவில்லை. நல்லபடியாக முடிந்தது. மறுநாள் கட்டுப் பிரித்து வீட்டுக்கு அழைத்து வந்தால், கொடியில் காய்ந்துகொண்டிருந்த தன் பழைய சேலையைப் பார்த்து, "இது இவ்வளவு நீலமாடா?" என்று கேட்டாள். பத்து வருஷமாக உடுத்துகிற சேலை அது.

அன்று ராத்திரிதான் ஸ்டான் பிராக்கேஜ் படங்களை மறுபடி போட்டுப் பார்த்தேன். பச்சை என்ற சொல்லையே அறியாமல் புல்லில் தவழும் குழந்தைக்கு அங்கே எத்தனை நிறம் தெரியும் என்று கேட்டாரே, அந்த அமெரிக்கர். 350-க்கும் மேற்பட்ட படங்கள் எடுத்தார், பெரும்பாலானவற்றில் கதையும் கிடையாது, சத்தமும் கிடையாது. அத்தனையிலும் அந்த ஒரே கேள்வியைத்தான் திருப்பித் திருப்பிக் கேட்டார் என்று எனக்குத் தோன்றுகிறது.

'மாத்லைட்' பார்த்திருக்கிறாயா? 1963-இல் செய்தது, நாலு நிமிஷம்கூட இல்லை. ஃபிலிம் வாங்கக் கையில் காசில்லாத நேரம். விளக்கில் விழுந்து சாகிற விட்டில்களைப் பார்த்து மனசு கலங்கி, அந்தச் சிறகுகளையும் பூவிதழ்களையும் புல்லையும் பொறுக்கி, ஃபிலிம் ஒட்டுகிற டேப் இரண்டுக்கு நடுவில் அழுத்தி, அதையே பிரதி எடுத்துவிட்டார். கேமராவே இல்லை. சிறகுகள் பிரேமுக்குள் அடங்காமல் நீளக் கிடப்பதால் ஓட்டும்போது துண்டு துண்டாகத் துடிக்கின்றன. நிறுத்தி நிறுத்திப் பார்த்தேன், பழுப்புச் சிறகின் நரம்பு எது, காய்ந்த இலையின் நரம்பு எது என்று பிரிக்கவே முடியவில்லை. செத்த பூச்சி மறுபடியும் வெளிச்சத்துக்கே வருகிறது, முரளி.

பிறப்பும் சாவும் அவரை விடவே இல்லை. 1959-இல் வந்த படத்தில் தன் முதல் குழந்தை வீட்டில் பிறப்பதைக் காட்டுகிறார். ஜன்னல் வெளிச்சம் தொட்டித் தண்ணீரிலும் மனைவி ஜேனின் ஈர வயிற்றிலும் அசைகிறது, அப்புறம் ஜேனே கேமராவை வாங்கி அவர் முகத்தை எடுக்கிறார். 1971-இல் பிட்ஸ்பர்க் பிணவறைக்குப் போய்ப் பிரேதப் பரிசோதனையை எடுத்தார். அதை என்னால் ஒரே மூச்சில் பார்க்க முடியவில்லை, இரண்டு நாளாயிற்று. பிரேதப் பரிசோதனையைக் குறிக்கிற ஆட்டாப்ஸி என்ற கிரேக்கச் சொல்லுக்குத் தன் கண்ணால் பார்ப்பது என்று பொருளாம், அந்தப் பொருளையே படத்துக்குத் தலைப்பாக வைத்தார்.

பின்னாளில் ஃபிலிம் மேலேயே சாயம் தீட்டினார். அந்தச் சாயங்களால்தான் தனக்குப் புற்றுநோய் வந்தது என்று நம்பினார். 2003-இல் இறப்பதற்குமுன் கடைசியாகச் செய்தது, எச்சில் தொட்டு ஃபிலிமை ஈரமாக்கி நகத்தால் கீறியது. அதை நினைத்தால் எனக்குத் தொண்டை அடைக்கிறது.

சரி, புதுக் கேமரா வாங்கும்வரை படம் எடுப்பதைத் தள்ளிப்போடலாமா என்று கேட்டிருந்தாய். தள்ளிப்போடாதே. ஃபோனில் எடு, இந்த வாரமே எடு, எனக்கு அனுப்பு.

அம்மாவுக்கு இன்னொரு கண் அடுத்த மாசம். முடிந்தால் அப்போது வா, உன்னைக் கேட்டுக்கொண்டே இருக்கிறாள்.

உன்,
செல்வம்