மகனுக்கு, மஸ்டர் பற்றி

சுங்கை சிப்புட், பேராக்

அன்புள்ள கதிரவனுக்கு,

அப்பா எழுதுகிறேன். நீ அனுப்பிய நீண்ட செய்தியை அம்மாவுக்கு உரக்கப் படித்துக் காட்டினேன். கடல் நடுவே நீ வேலை பார்க்கும் எண்ணெய் மேடையின் சாப்பாட்டைப் பற்றியும் ஹெலிகாப்டர் பயணத்தைப் பற்றியும் நீ எழுதியிருந்ததைக் கேட்டுச் சிரித்தாள். அடுத்த பத்திக்கு வந்ததும் நான் உரக்கப் படிப்பதை நிறுத்திக்கொண்டேன். நீ குளித்துக்கொண்டிருந்தபோது, எல்லோரையும் ஓரிடத்தில் கூட்டி எண்ணுவதற்கான மஸ்டர் அலாரம் அடித்திருக்கிறது. பயிற்சிதானே என்று அறையிலேயே இருந்துவிட்டாய். கூடும் இடத்துக்கு வந்தவன் தானே திருப்பி வைக்க வேண்டிய பெயர் அட்டை அந்த டி-கார்டு; உன்னுடையதைக் கூட்டாளி ஒருவன் திருப்பி வைத்துவிட்டான். எண்ணிக்கை சரியாக வந்துவிட்டது. இது அம்மாவுக்குத் தெரியாது. தெரிய வேண்டாம்.

கடைசியில் போகிற போக்கில் ஒரு கேள்வியும் கேட்டிருந்தாய்: "தோட்டத்திலும் மஸ்டர் என்பீர்களே அப்பா, அதே சொல்தானா இது?" அதே சொல்தான். அதோடு நெடுங்காலம் குடித்தனம் நடத்தியவன் நான். பதில் கொஞ்சம் நீளும். கைபேசியில் எழுதினால் சுருக்கிவிடுவேன் என்றுதான் தாளை எடுத்தேன்.

ரப்பர் தோட்டத்தை நடத்திய துரையின் காகிதங்களில் அது மஸ்டர். தொழிலாளர் வாயில் பெரட்டு. பரேடு என்ற வேறோர் ஆங்கிலச் சொல் நம் நாவில் உருண்டு அப்படி ஆயிற்று. விடியுமுன் தண்டவாளத் துண்டைத் தட்டுவார்கள். ஆபீஸ் முன்னால் ஆட்கள் வந்து நிற்பார்கள். மேற்பார்க்கும் தண்டல் பெயர் கூப்பிட, கணக்கெழுதும் கிராணி செக்ரோல் என்ற வருகைப் பதிவேட்டில் குறித்துக்கொள்வார். வெயில் ஏறினால் பால்மரத்தில் பால் ஓட்டம் குறைந்துவிடும். அந்த அவசரம் எல்லோர் முகத்திலும் தெரியும். கூப்பிட்டபோது இல்லாதவனுக்கு அன்று வேலை கிடையாது, வேலை இல்லாதவனுக்குக் கூலி கிடையாது. உன் தாத்தா அந்த வரிசையில் நின்றவர். நான் எதிர்ப்பக்கம், விளக்கின் அடியில் பேனாவோடு நின்றவன். ஒரே குடும்பத்தில் இரண்டு பக்கமும் உண்டு என்பதால், இதைப் பற்றிப் பேச எனக்குக் கொஞ்சம் அதிகமாகவே உரிமை இருக்கிறது என்று நினைக்கிறேன்.

சொல்லின் வேர் லத்தீன். 'மான்ஸ்த்ராரே' என்றால் காட்டுதல். அது பழைய பிரெஞ்சு வழியாக ஆங்கிலத்துக்கு வந்தது. செய்து காட்டுவதைக் குறிக்கும் டெமான்ஸ்ட்ரேட் அதே வீட்டுப் பிள்ளை. மான்ஸ்டரும் நெருங்கிய உறவுதான். தெய்வம் காட்டும் தீநிமித்தம் என்பது அதன் பழைய பொருள். எங்கள் பழைய துரை ஒருவர் பெரட்டுக்கு வந்து நிற்கும் கோலத்தைப் பார்த்தவர்களுக்கு இந்த உறவைத் தனியாக விளக்க வேண்டியதில்லை.

ஆகவே மஸ்டர் என்பதன் அடியில் கிடப்பது 'ஆளைக் காட்டு' என்பதுதான். பெயரைச் சொன்னால் போதாது, ஆளைக் காட்ட வேண்டும். பழைய இங்கிலாந்தில் 16 முதல் 60 வயது வரையிலான ஆண்களை அவரவர் ஆயுதத்தோடு திடலுக்கு வரவழைத்து, போருக்கு ஆகிறவர்களைப் பார்த்து எழுதிக்கொள்வார்கள். அதுதான் மஸ்டர், எழுதிய பட்டியல் மஸ்டர் ரோல். அந்தப் பார்வையில் தேறுவதைத்தான் 'பாஸ் மஸ்டர்' என்றார்கள். இன்று கணக்கறிக்கை தேறினாலும் கறிக்குழம்பு தேறினாலும் அதே தொடர்தான். கடுகை வைத்து 'கட் த மஸ்டர்ட்' என்று ஆங்கிலத்தில் ஒரு வழக்கு இருக்கிறதே, அதுவும் மஸ்டர் திரிந்து வந்ததுதான் என்று சிலர் அடித்துச் சொல்வார்கள். அதற்குச் சான்று இல்லை. நம்பாதே.

படைத்தலைவர்களுக்கு ஆள் கணக்குப்படி சம்பளப் பணம் வந்தது. செத்தவனும் ஓடிப்போனவனும் பட்டியலில் உயிரோடு இருந்தால் அந்தப் பணம் தலைவன் பைக்குள் போகும். மேலதிகாரி பார்வையிட வரும் நாளில் வழியில் போகிறவனைக் கூலிக்குப் பிடித்து வந்து வரிசையில் நிறுத்திவிடுவார்கள். இதற்குப் பொய் மஸ்டர் என்று பெயர். அதைப் பிடிப்பதற்கென்றே மஸ்டர் மாஸ்டர் என்று ஓர் உத்தியோகம் இருந்தது. சொல்லிப் பார், நாக்கு சுளுக்கிக்கொள்ளும்.

இந்தியாவில் இன்னும் அரசாங்க வேலைக் கூலிப் பட்டியலுக்கு மஸ்டர் ரோல் என்றே பெயர். தமிழ்நாட்டில் நூறு நாள் வேலைக்குப் போன உன் பெரியம்மா அந்தச் சொல்லைத் தண்ணீர் பட்ட பாடாகப் பயன்படுத்துவார். ராஜஸ்தானில் மஸ்தூர் கிசான் சக்தி சங்கதன் என்ற அமைப்பினர் 1994இல் ஊர்ப் பொதுவில் அந்தப் பட்டியல்களை வாங்கி உரக்கப் படித்தார்கள். வேலைக்கே வராதவர்கள், இறந்துபோனவர்கள் எல்லாரும் கூலி வாங்கியதாகப் பதிவாகியிருந்தது. பட்டியலைக் காட்டு என்று அன்று எழுந்த கோரிக்கை வளர்ந்து, நாடெங்கும் 2005இல் தகவல் அறியும் உரிமைச் சட்டம் வந்தது. ஒரு கிராணியின் தாளை ஊரார் படித்ததால் சட்டமே வந்தது என்பதில் எனக்கு ஒரு தனிப் பெருமை.

மற்றப் பொருள்களைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். ஆஸ்திரேலியாவிலும் நியூசிலாந்திலும் மேய்ச்சல் நிலத்தில் சிதறிக் கிடக்கும் மாடுகளையும் ஆடுகளையும் ஓட்டிச் சேர்ப்பது மஸ்டர். இப்போது அதற்கு ஹெலிகாப்டர்கூடப் பறக்கிறது. அதே ஆஸ்திரேலியாவில் நியூ சவுத் வேல்ஸ் குடியிருப்பில் 1828இல் முதல் மக்கள்தொகைக் கணக்கு எடுக்கும்வரை, கைதிகளையும் குடியேறியவர்களையும் ஓரிடத்துக்கு வரவழைத்து எண்ணியதும் மஸ்டர்தான். மாட்டுக்கும் மனிதனுக்கும் ஒரே சொல். இதை நான் வியப்பாக எழுதவில்லை. தோட்டத்தில் வளர்ந்தவனுக்கு இதில் வியப்பில்லை. மயில் கூட்டத்துக்கும் மஸ்டர் என்றே பெயர். 1486இல் அச்சான ஓர் ஆங்கிலப் பட்டியலிலேயே அது இருக்கிறது. காட்டுதல் என்ற பழைய பொருளுக்கு மயிலைவிடப் பொருத்தமான பிராணி ஏது? கீழை நாட்டு வணிகத்தில் போர்ச்சுகீசியரின் 'மோஸ்த்ரா' வழியாக வந்த மஸ்டருக்கு மாதிரிச் சரக்கு என்று பொருள். தேயிலை மஸ்டர், பட்டு மஸ்டர் என்பார்கள்: பெட்டியைப் பிரித்து ஒரு பிடி காட்டுவது. ஆலையில் மெட்ரோலாக் கருவி வைத்துப் பாலின் கெட்டியைப் பார்ப்பதற்கு நாங்கள் கொஞ்சம் தனியே எடுப்போமே, அதையும் அந்தக் கால வணிகர் பார்த்திருந்தால் மஸ்டர் என்றிருப்பார். மனத்துக்குள்ளே தைரியத்தைத் திரட்டுவதையும் மஸ்டர் என்கிறார்கள். சிதறிக் கிடக்கும் தைரியத்தைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டு வரிசையில் நிறுத்துவது போலும். இது எனக்குப் பிடித்த பொருள்.

பிடிக்காதது ஒன்று உண்டு. ஜப்பானியர் காலத்தில் சயாம், அதாவது இன்றைய தாய்லாந்து, ரயில் பாதைக்குத் தோட்டத்துக்கு இத்தனை பேர் என்று கேட்டு ஆள் திரட்டினார்கள். எல்லோரும் ஏற்கெனவே ஒரு பட்டியலில் இருந்தார்கள், விடியற்காலையில் ஓரிடத்தில் வந்து நிற்கப் பழகியிருந்தார்கள். தேடி அலைய வேண்டியதே இல்லை. உன் தாத்தாவின் அண்ணன் அப்படிப் போனவர். சயாமையும் பர்மாவையும் இணைத்த 415 கிலோமீட்டர் பாதை 1943 அக்டோபரில் முடிந்தது. அவர் வரவில்லை. அந்தப் பாதையில் ஏறத்தாழ 12,000 நேச நாட்டுப் போர்க்கைதிகள் இறந்தார்கள். அவர்களுடைய படைகள் பெயர்ப்பட்டியல் வைத்திருந்தன. காஞ்சனபுரிக் கல்லறைத் தோட்டத்தில் பெயரும் வயதும் பொறித்த கற்கள் வரிசையாக இருக்கின்றன. நம்மவர்கள் அதைவிடப் பல மடங்கு போனார்கள். அங்கே அவர்களை எண்ணி வைத்த புத்தகம் எதுவும் இல்லை; இறந்தவர் தொகை இன்றுவரை மதிப்பீடாகவே இருக்கிறது. பிடித்துக்கொண்டு போக எண்ணினார்கள், திரும்பக் கொண்டுவந்து விட எண்ணவில்லை. பெரியப்பாவின் பெயர் எந்தக் கல்லிலும் இல்லை. தாத்தா தன் வாழ்நாள் முழுக்கப் பெரட்டில் தன் பெயர் கேட்டதும் தேவைக்கு மேல் சத்தமாகவே பதில் சொல்வாராம்.

அமெரிக்காவில் டெக்சஸ் ஏ அண்ட் எம் பல்கலைக்கழகத்தார் ஆண்டுதோறும் ஏப்ரல் 21ஆம் தேதி மஸ்டர் என்று கூடுகிறார்கள். அந்த ஆண்டு இறந்துபோன முன்னாள், இந்நாள் மாணவர்களின் பெயரைக் கூப்பிட, அவர்களுக்காக உறவினரோ நண்பரோ "இருக்கிறார்" என்று பதில் சொல்கிறார்கள். இல்லாதவனுக்காக இன்னொருவன் பதில் சொல்வதில் எனக்கு ஒப்புதல் உள்ள ஒரே இடம் அது. அங்கே இறந்துவிட்டான் என்பது எல்லோருக்கும் தெரியும். உன் கூட்டாளி செய்தது அந்த வகை அன்று.

இனி கார்டு விஷயம். திருப்பிய கார்டு யாருக்கும் வேலை தராது. திருப்பாத கார்டுதான் உன்னைத் தேடி ஆள் அனுப்பும். எங்கள் தோட்டத்தில் பால் நிறுக்கும் நேரத்தில் செக்ரோலை மறுபடி ஒரு தரம் பார்க்கும் வழக்கம் இருந்தது. காலையில் பெயர் இருக்கிறது, பால் வரவில்லை என்றால் தண்டல் அந்த ஆளின் நிரைக்குப் போய்ப் பார்ப்பார். பாம்பு கடித்து மரத்தடியில் மயங்கிக் கிடந்த ஒருவரை அப்படித்தான் தூக்கி வந்தார்கள். பிழைத்துக்கொண்டார். வேறொருவர் அவருக்காக ஒரு வாளிப் பாலை நிறுத்துக் கொடுத்து உதவி செய்திருந்தால் அவரை இருட்டும்வரை யாரும் தேடியிருக்க மாட்டார்கள்.

2012 ஜனவரியில் இத்தாலியின் ஜிலியோ தீவருகே கோஸ்டா கன்கார்டியா கப்பல் பாறையில் மோதிச் சாய்ந்து 32 பேர் இறந்தார்கள். அன்று ஏறிய பயணிகளுக்கு மஸ்டர் பயிற்சி மறுநாள் நடப்பதாக இருந்தது. பிறகு விதியைத் திருத்தி, கப்பல் கிளம்புமுன்போ கிளம்பிய உடனேயோ பயிற்சி நடக்க வேண்டும் என்று 2015இல் நடைமுறைக்குக் கொண்டுவந்தார்கள்.

ஆனால் உன் தொழிலில் பைப்பர் ஆல்ஃபா என்ற எண்ணெய் மேடையின் விபத்தைப் பற்றி உனக்குச் சொல்லிக் கொடுத்திருப்பார்கள். 1988 ஜூலை 6, வட கடல். பராமரிப்புக்காக ஒரு பம்பின் பாதுகாப்பு வால்வைக் கழற்றியிருந்தார்கள். அந்தத் தகவல் இரவு முறைக்காரர்களுக்குப் போய்ச் சேரவில்லை. பம்பை ஓட்டினார்கள், வாயு கசிந்து வெடித்தது. ஒரு தாள் சரியாகக் கைமாறாததன் விளைவு என்று நான் படித்தபோது கிராணி என்ற முறையில் கை நடுங்கியது. 167 பேர் இறந்தார்கள், 61 பேர் தப்பினார்கள்.

அதில் மஸ்டர் என்ன ஆயிற்று என்பதைத்தான் நீ கவனிக்க வேண்டும். பெரும்பாலோர் சொல்லிக் கொடுத்தபடி தங்கும் பகுதிக்குப் போய்க் கூடினார்கள். ஹெலிகாப்டர் வரும் என்று காத்திருந்தார்கள். புகையில் ஹெலிகாப்டர் இறங்க முடியவில்லை. இப்போது வெளியேறுங்கள் என்று ஆணையும் வரவில்லை. கூடிய இடத்திலேயே ஏராளமானோர் புகையில் மூச்சு முட்டி இறந்தார்கள். தப்பியவர்களில் பலர் கயிற்றில் இறங்கியவர்கள், அல்லது உயரத்திலிருந்து கடலில் குதித்தவர்கள். கல்லன் பிரபுவின் விசாரணை அறிக்கை 1990இல் 106 பரிந்துரைகளோடு வந்தது.

நீ இதைக் காட்டி, பார்த்தீர்களா அப்பா, மஸ்டருக்குப் போனவர்களே செத்தார்கள் என்று வாதாடக்கூடும். உன் வாய் எனக்குத் தெரியும். நான் அப்படிப் படிக்கவில்லை. கூடி நிற்பதற்கு அடுத்த காரியம் ஒன்று இருக்க வேண்டும். எண்ணி முடித்த பிறகு இவர்களை எங்கே, எந்த வழியாக அனுப்புவது என்று எண்ணுகிறவனுக்குத் தெரிந்திருக்க வேண்டும்; நிற்கிறவனும் அதைக் கேட்டு வைத்திருக்க வேண்டும். தோட்டத்தில் நம்மவர்கள் கேட்கப் பழகவில்லை, கேட்கவும் விடவில்லை. உனக்கு அந்தக் கட்டு இல்லை. இஞ்சினியர் என்று போட்டுக்கொள்கிறாய், கேள்.

இங்கே எங்கள் பழைய தோட்டத்தில் இப்போது முழுக்கச் செம்பனை. காலை மஸ்டர் மட்டும் நிற்கவில்லை. நிற்பவர்கள் இந்தோனேசியாவிலிருந்தும் வங்காளதேசத்திலிருந்தும் வந்தவர்கள். சந்தைக்குப் போகும் வழியில் சில நாள் பார்ப்பேன். தண்டல் வேலை பார்க்கும் பையன் கைபேசியில் பதிகிறான்.

உன் மேடையில் தங்கும் பகுதியில் புகை சூழ்ந்தால் இரண்டாவதாகக் கூடும் இடம் எது, அங்கிருந்து கடல் மட்டத்துக்கு இறங்க எத்தனை வழி, உனக்கு ஒதுக்கிய உயிர்காப்புப் படகு எந்தப் பக்கம், அந்தப் படகை இறக்கத் தெரிந்தவர்கள் உன் முறையில் யார் யார் என்று விசாரித்து எனக்கு எழுது. அம்மாவுக்குத் தனியாக எழுது. அவளுக்கு நீ என்ன சாப்பிடுகிறாய் என்பது போதும்.

இப்படிக்கு,
அப்பா