இன்சுலினோடு டொராண்டோ போகும் மகளுக்கு

கோவில்பட்டி

பாப்பாவுக்கு அம்மா எழுதுவது.

போனில் சொல்ல ஆரம்பித்தால் "தெரியும்மா" என்று அடுத்த பேச்சுக்குப் போய்விடுகிறாய். தெரியும்தான். ஒன்பது வயதில் சுகர் வந்த பிள்ளை, பத்து வயதுக்குள் தானே ஊசி போடக் கற்றுக்கொண்டாய். ஆனால் இதுவரை உன் மருந்து போன தூரம் சென்னை வரைக்கும்தான். ராத்திரி ரயில் ஏறினால் காலையில் ஹாஸ்டல் ஃப்ரிட்ஜ். இப்போது நடுவில் ஒரு நாட்டில் விமானம் மாறி, ஜனவரிக் குளிரில் போய் இறங்கப் போகிறாய். அதனால்தான் எழுத்தில் தருகிறேன். பாஸ்போர்ட் வைக்கும் பையிலேயே இதையும் வைத்துக்கொள்.

முதலில் அந்த ஐஸ் பெட்டி. உன் சித்தி பெரிய தெர்மாகோல் பெட்டியும் அது நிறைய ஜெல் பாக்கெட்டும் வாங்கி ஃப்ரீசரில் போட்டு வைத்திருக்கிறாள். பாசத்தில் செய்தது, நான் அவளிடம் பேசிக்கொள்கிறேன். நீ அதைத் தொடவே வேண்டாம்.

கிராம சுகாதார செவிலியராக வேலை பார்த்த காலமெல்லாம் புதன்கிழமை தோறும் தடுப்பூசிப் பெட்டியைத் தோளில் மாட்டிக்கொண்டு போனவள் நான். ஜனங்கள் எல்லோரும் மருந்துக்கு வெயில்தான் ஆகாது என்று நினைப்பார்கள். எங்களுக்குப் பயிற்சியில் இரண்டையும் சொல்வார்கள், குளிர் மிஞ்சினாலும் மருந்து போய்விடும் என்று. டீப் ஃப்ரீசரிலிருந்து எடுத்த ஐஸ் பேக்கை அப்படியே கேரியரில் வைக்க விடமாட்டார்கள். மேஜைமேல் வைத்து, அதன்மேல் வியர்வை பூத்து, காதருகே ஆட்டினால் உள்ளே தண்ணீர் சலசலக்கும் சத்தம் கேட்ட பிறகுதான் அடுக்க வேண்டும். இல்லையென்றால் அதை ஒட்டியிருக்கிற டெட்டனஸ் மருந்தும் ஹெபடைட்டிஸ் பி மருந்தும் உறைந்து வீணாகும். குழந்தைக்கு ஊசி போட்டிருப்போம், பலன் இருக்காது.

இன்சுலினும் இந்த விஷயத்தில் அதே ஜாதி. அது புரதம். ஒரு தடவை உறைந்துவிட்டால், உருகிப் பார்க்கத் தெளிவாக இருந்தாலும் அதை நம்பக்கூடாது, தூக்கிப் போட வேண்டியதுதான். வெயில் மெல்ல மெல்லத்தான் கெடுக்கும், நமக்கு யோசிக்க நேரம் கொடுக்கும். உறைபனிக்கு ஒரு ராத்திரி போதும். தடுப்பூசிக் குப்பியிலாவது சூடு பட்டதைக் காட்ட ஒரு சின்னக் கட்டம் ஒட்டியிருப்பார்கள், சூடு ஏற ஏற அது கறுக்கும். உன் இன்சுலின் பேனாவில் அப்படி ஒரு அடையாளமும் இல்லை.

அளவு உனக்குத் தெரியும், இருந்தாலும் எழுதுகிறேன். பிரிக்காத பேனா 2 முதல் 8 டிகிரிக்குள் ஃப்ரிட்ஜில் இருந்தால் அட்டையில் போட்டிருக்கும் தேதி வரை நிற்கும். பயன்பாட்டில் இருக்கும் பேனாவை 30 டிகிரிக்கு மேல் போகாமல் வெளியிலேயே வைக்கலாம். பெரும்பாலானவற்றுக்கு 28 நாள் கணக்கு. டெக்லுடெக் என்ற நீண்ட நேர இன்சுலின் என்றால் எட்டு வாரம். உன் இரண்டு பேனாவுக்கும் உள்ளே இருக்கும் தாளைப் பிரித்துப் பார்த்து, வெளியே எடுத்த தேதியைப் பேனாமேல் எழுதி ஒட்டு. பிரிக்காத பேனாவே பயணத்தில் வெளியே இருந்துவிட்டாலும் அன்றைக்கே கெட்டுவிடாது. அந்த நாளிலிருந்து 28 நாள் என்று கணக்கு வைத்து, அதை முதலில் எடுத்துத் தீர்க்க வேண்டும், அவ்வளவுதான். 2021ல் எல்லைகளற்ற மருத்துவர்கள் அமைப்பும் ஜெனீவா பல்கலைக்கழகமும் வட கென்யாவின் அகதி முகாம் ஒன்றில் நிலவும் வெப்பத்தைக் கணக்கில் எடுத்து ஆய்வு செய்தார்கள். ராத்திரி 25, பகலில் 37 டிகிரி என்று ஏறி இறங்கும் சூட்டில் நான்கு வாரம் வைத்தும், குளிரில் வைத்த இன்சுலினுக்குச் சமமாகவே வீரியம் இருந்தது. ஃப்ரிட்ஜே வேண்டாம் என்பதற்காக இதைச் சொல்லவில்லை. ஒரு நாள் பயணத்தில் ஐஸ் உருகிவிட்டதே என்று நீ பதறக்கூடாது என்பதற்காகச் சொல்கிறேன்.

அப்படியானால் எதில் கொண்டு போவது? தண்ணீரில் ஊறவைக்கும் துணிப் பை ஒன்று விற்கிறதே, ஃப்ரியோ என்று, அது போதும். உள்ளே இருக்கும் மணிகள் தண்ணீரைக் குடித்து உப்பும், அந்த ஈரம் காய்ந்துகொண்டே போகும்போது உள்ளே குளிரும். நம் மண்பானை வேலை செய்கிற விதமேதான். ஃப்ரிட்ஜ் இல்லாத வீடுகளில் பானைக்குள் ஈரமணல் போட்டு, அதன்மேல் டப்பாவில் இன்சுலினை வைக்கச் சொல்லி நானே எத்தனை பேருக்குக் காட்டிக் கொடுத்திருக்கிறேன். அதனால் இந்தப் பையில் எனக்கு நம்பிக்கை உண்டு. ஆனால் காற்றுப் பட வேண்டும். பிளாஸ்டிக் கவரில் கட்டி, துணிகளுக்கு நடுவே அமுக்கி வைத்தால் வேலை செய்யாது. சென்னையின் புழுக்கத்தில் மெதுவாகத்தான் குளிரும், விமானத்துக்குள் காற்று வறண்டிருப்பதால் நன்றாகவே குளிரும். ஜெல் பாக்கெட் வைத்தே தீர வேண்டும் என்றால், ஃப்ரீசரில் இல்லாமல் ஃப்ரிட்ஜின் கீழ்த்தட்டில் குளிர்ந்ததை எடு. அதற்கும் பேனாவுக்கும் நடுவில் ஒரு துண்டைச் சுற்று. இரண்டும் ஒன்றையொன்று தொடக்கூடாது.

மருந்து முழுவதும் உன் கையோடுதான் வர வேண்டும். செக்-இன் பெட்டியில் ஒன்றுகூடப் போடாதே. பெட்டி இருக்கும் இடத்தில் குளிர் எவ்வளவு இறங்கும் என்று நம் கையில் இல்லை, பெட்டி வேறு ஊருக்குப் போய்விட்டால் அதுவும் நம் கையில் இல்லை. தேவைக்கு இரு மடங்கு எடுத்துக்கொண்டு இரண்டு பையாகப் பிரித்துக்கொள், தோளில் ஒன்று, கேபின் பையில் ஒன்று. இன்னொன்றும் கேள். மேலே இடமில்லை என்று விமானத்தின் வாசலிலேயே சில நேரம் கேபின் பையை வாங்கிக் கீழே அனுப்பிவிடுவார்கள். கேட்டால் கொடு, ஆனால் மருந்துப் பையை முதலில் வெளியே எடுத்துவிடு.

பாதுகாப்புச் சோதனையில் பை மெஷினுக்குள் போகும் முன்பே சொல்லிவிடு: இன்சுலின் இருக்கிறது, ஊசி இருக்கிறது, கையில் சுகர் பார்க்கும் சென்சார் ஒட்டியிருக்கிறது என்று. பயந்த முகத்தோடு நிற்காதே. திரவம் 100 மில்லிக்கு மேல் ஆகாது என்ற விதியில் மருந்துக்கு விலக்கு உண்டு. மருந்து அதன் சொந்த அட்டைப் பெட்டியிலேயே இருக்கட்டும், இடம் அடைக்கிறது என்று பிரித்துப் போட்டுவிடாதே. சென்சாரை ஸ்கேனருக்குள் விடலாமா கூடாதா என்று அந்தந்தக் கம்பெனி கையேட்டில் போட்டிருக்கும். கூடாது என்றிருந்தால் கையால் சோதிக்கச் சொல்லிக் கேள். கேட்பது உன் உரிமை.

விமானத்துக்குள் பணிப்பெண்கள் அன்பாக "ஃப்ரிட்ஜில் வைத்துத் தரட்டுமா" என்பார்கள். வேண்டாம் என்று சொல். ஐஸோடு ஐஸாகப் போய்விடும், இறங்கும்போது மறந்தும் போகும். உன் காலடியில் இருக்கட்டும். சாப்பாட்டு ஊசியைத் தட்டு உன் முன்னால் வந்து மூடியைத் திறந்த பிறகு போடு. வண்டி இரண்டு வரிசைக்கு முன்னால் நிற்கிறது என்று போட்டுவிட்டால், விமானம் குலுங்கி எல்லோரும் உட்காருங்கள் என்று சொல்லிவிடலாம், சாப்பாடு அரை மணி நேரம் கழித்து வரலாம். ஒவ்வொரு முறையும் ஊசி முனையைக் கழற்றிவிடு. மாட்டியே வைத்தால் உயரம் ஏறி இறங்கும்போது உள்ளே காற்றுக்குமிழி சேரும். போடும் முன் வழக்கம்போல 2 யூனிட் வெளியே தள்ளிப் பார்த்துவிட்டுப் போடு. சுகர் 70க்குக் கீழ் இறங்கினால் 15 கிராம் குளுக்கோஸ், 15 நிமிஷம் கழித்து மறுபடி பார். குளுக்கோஸ் மேலே பையில் இருந்தால் ஆகாது, சீட் பாக்கெட்டில் இருக்கட்டும். பக்கத்தில் இருப்பவரிடம் ஒரு வார்த்தை சொல்லி வை. அதில் வெட்கம் எதற்கு?

நேரக் கணக்கை நீயாகப் போடாதே. ஜனவரியில் டொராண்டோ நமக்குப் பத்தரை மணி நேரம் பின்னால். இங்கே ராத்திரி பத்து மணிக்கு நீ போடும் நீண்ட நேர ஊசி, அங்கே காலை பதினொன்றரை. மேற்கே போகப் போக அன்றைய பகல் நீளும். எப்போது போடுவது, எத்தனை நாளில் மெல்ல நகர்த்துவது என்பதை டாக்டர் சொல்ல வேண்டும். ஒரு தாளில் இந்திய நேரமும் அங்குள்ள நேரமும் பக்கத்தில் பக்கத்தில் எழுதி வாங்கிக்கொள்.

இனி சொல்லப்போவதை இரண்டு தடவை படி. பேனா கெட்டுப்போனால் உதவும் என்று அரசு ஆஸ்பத்திரியில் கொடுக்கும் பாட்டில் இன்சுலினையும் எடுத்துப் போகிறேன் என்றாய். அந்த பாட்டிலில் ஒரு மில்லிக்கு 40 யூனிட். அதற்கான சிரிஞ்சு சிவப்பு மூடி போட்டது. கனடாவில் பாட்டில் இன்சுலின் ஒரு மில்லிக்கு 100 யூனிட், சிரிஞ்சும் அதற்குத் தக்கது, ஆரஞ்சு மூடி. இரண்டையும் மாற்றிப் போட்டால் உயிருக்கே ஆபத்து. அந்த ஊர் மருந்தை நம் சிவப்பு மூடி சிரிஞ்சில் 20 கோடு வரை இழுத்தால் உள்ளே போவது 50 யூனிட். நம் பாட்டிலை அந்த ஊர் சிரிஞ்சில் 20 கோடு வரை இழுத்தால் போவது வெறும் 8. நம் பாட்டிலையும் நம் சிரிஞ்சுகளையும் ஒரே டப்பாவில் போட்டு, "40" என்று பெரிதாக எழுதி டேப் ஒட்டு. அந்த பாட்டில் தீர்ந்தால் மிச்ச சிரிஞ்சுகளையும் அன்றைக்கே அப்புறப்படுத்திவிடு. உன் அறையில் இருக்கப்போகும் பெண்ணுக்கும் இதைச் சொல்லு.

சுகர் மீட்டரும் அங்கே வேறு கணக்குப் பேசும். நம் எண்ணை 18ஆல் வகுத்தால் அவர்கள் எண். 70 என்பது 3.9, 180 என்பது 10. ஆஸ்பத்திரியில் யாராவது "பத்து இருக்கிறது" என்றால் அரண்டுபோகாதே.

ஊர் போய்ச் சேர்ந்த பிறகுதான் நான் அதிகம் பயப்படும் இடமே வருகிறது. இங்கே நாற்பது டிகிரி வெயிலில் நிறுத்திய காருக்குள் மருந்தை விடாதே என்று சொல்லி வளர்த்தேன். அங்கே வெளியே மைனஸ் பத்து சாதாரணம். பேனாவைக் கோட்டின் உள்பையில், உடம்புச் சூடு படும்படி வை. முதுகில் மாட்டும் பையின் வெளி ஜிப்பில் வைத்துக்கொண்டு பஸ்ஸுக்குக் காத்து நிற்காதே. ஜன்னல் கட்டையில் வைக்காதே, காரில் ராத்திரி விடாதே. வாடகை வீட்டு ஃப்ரிட்ஜில் பின்சுவரை ஒட்டியும், ஃப்ரீசர் தட்டுக்குக் கீழேயும் வைக்காதே. அங்கெல்லாம் தண்ணீரே உறையும். நடுத்தட்டில் ஒரு தெர்மாமீட்டரோடு வை. தடுப்பூசி வைக்கும் ஐ.எல்.ஆர். குளிர்பெட்டியின் வெப்பநிலையை நாங்கள் காலையும் மாலையும் நோட்டில் எழுதுவோம். நீ முதல் வாரம் மட்டுமாவது எழுது.

சாப்பாடு அதேதான், அளவும் அதேதான், ஆனாலும் சுகர் காரணமில்லாமல் ஏறிக்கொண்டே போகிறது என்றால், மருந்தைச் சந்தேகப்படு. அளவைக் கூட்டிக்கொண்டே போகாமல் புதுப் பேனாவைப் பிரி. இன்சுலின் போதாதபோது உடம்பில் சேரும் கீட்டோன் இருக்கிறதா என்றும் சோதித்துப் பார். வாந்தியும் சேர்ந்துகொண்டால் வீட்டில் உட்கார்ந்து யோசிக்காதே, 911க்கு அடி.

நீ டொராண்டோ என்று சொன்ன அன்றைக்கு எனக்குத் தூக்கம் வரவில்லை. பயத்தினால் மட்டும் இல்லை. அந்த ஊர் ஆஸ்பத்திரியில்தான் 1922 ஜனவரி 11ஆம் தேதி லியோனார்ட் தாம்சன் என்ற பையனுக்கு முதன்முதலாக இன்சுலின் போட்டார்கள். முதல் ஊசி சரிப்படவில்லை. மருந்து சுத்தமாக இல்லை, ஒவ்வாமை வந்தது. காலிப் என்பவர் ராப்பகலாக உட்கார்ந்து அதைச் சுத்தம் செய்து கொடுக்க, 23ஆம் தேதி மறுபடி போட்டார்கள், சுகர் இறங்கியது. அதற்கு முன்பு இந்த நோய் வந்த பிள்ளைகளைப் பட்டினி போட்டுத்தான் சில காலம் காப்பாற்றி வைத்திருந்தார்கள். இந்த மருந்தை உருவாக்கிய பேண்டிங், பெஸ்ட், காலிப் மூவரும் அதன் காப்புரிமையை ஆளுக்கு ஒரு டாலர் வாங்கிக்கொண்டு டொராண்டோ பல்கலைக்கழகத்துக்கே கொடுத்துவிட்டார்கள். உனக்கு முதல் ஊசி போட்ட நாளில் இதெல்லாம் எனக்குத் தெரியாது. பிறகு படித்துத் தெரிந்துகொண்டபோது அந்த மூன்று பேரையும் மனதுக்குள் கும்பிட்டேன். நேரம் கிடைக்கும்போது அந்தப் பக்கம் போய்ப் பார்த்துவிட்டு வா.

வியாழக்கிழமை டாக்டரைப் பார்க்கப் போகிறாய் அல்லவா? பயணத்துக்கு அவர் தரும் கடிதத்தில் உன் பெயர் பாஸ்போர்ட்டில் உள்ள மாதிரியே, எழுத்து பிசகாமல் இருக்க வேண்டும். மருந்தின் கம்பெனிப் பெயரோடு பொதுப் பெயரையும் எழுதச் சொல். கடைக்குக் கடை கம்பெனிப் பெயர் மாறும், பொதுப் பெயர் எந்த ஊரிலும் புரியும். ஊசி, சிரிஞ்சு, சென்சார், குளிர்ப்பை எல்லாம் தேவை என்று ஒரு வரி வேண்டும். இரண்டு பிரதி வாங்கு, போனில் ஒரு படம் எடுத்து எனக்கும் அனுப்பு. அப்பா தெர்மாமீட்டர் வாங்கிவிட்டார். ஞாயிற்றுக்கிழமை நாங்கள் வரும்போது அதையும் துணிப் பையையும் கொண்டு வருகிறோம். அன்றைக்கு இரண்டு பையையும் என் முன்னால் அடுக்கிக் காட்டு.

அம்மா